செல்ஃப் மோட்டார் கார்பன் மாற்றி மூன்று வருடம்

சாவியைத் திருப்பினால் ‘டக்’ என்று ஒரே ஒரு சத்தம், அப்புறம் அமைதி. விட்டுவிட்டு மறுபடி திருப்பினால், ஒன்றுமே நடக்காதது போல இன்ஜின் கிளம்பிவிடும். என் கார் இந்த விளையாட்டை ஆரம்பித்தபோது அதற்கு 11 வயது, ஓடியது 1,40,000 கிலோமீட்டர். மாதத்துக்கு ஒரு தடவை என்றிருந்தது வாரத்துக்கு ஒன்றாகி, கடைசியில் மூன்று முறை திருப்பினால் ஒரு முறை எடுக்கும் என்ற நிலைக்கு வந்தது. மேனுவல் கியர் வண்டி என்பதால் நாலு பேர் தள்ளினால் போய்விடலாம். நாலு பேர் கிடைக்க வேண்டுமே.

முதலில் காட்டிய இடத்தில் பானெட்டைத் திறந்த வேகத்திலேயே “பேட்டரி வீக் சார்” என்றார்கள். நானும் எதிர்த்துப் பேசவில்லை. பழைய பேட்டரிக்கு மூன்று வயது, போயிருக்கலாம்தான். புதுசு போட்டாயிற்று. பத்து நாள் சமர்த்தாக ஓடியது. பதினொன்றாம் நாள் காலையில் ‘டக்’.

அன்றைக்குத்தான் கண்ணெதிரே இருந்த ஒன்றை முதன்முதலாகக் கவனித்தேன். ஹெட்லைட் எரிந்துகொண்டிருந்தது, எதிரே சுவரில் வெளிச்சம். சாவியைத் திருப்பினேன், ‘டக்’ கேட்டது, சுவரில் இருந்த வெளிச்சம் துளிகூட மங்கவில்லை. பேட்டரி இறங்கியிருந்தால் செல்ஃப், அதாவது இன்ஜினைக் கிளப்பும் மோட்டார், இழுக்கும் நேரத்தில் விளக்கு செத்துப்போய்விடும். சத்தமும் ஒற்றையாக வராது, ‘டடடட’ என்று கொட்டும். மோட்டார் ஆரோக்கியமாக இருந்தால்கூடக் கொஞ்சமாவது மங்கியாக வேண்டும், ஏனென்றால் ஒரு சின்ன பெட்ரோல் காரின் செல்ஃப் நூறு ஆம்பியருக்கு மேல் சாதாரணமாகக் குடிக்கும். மங்கவே இல்லை என்றால் மோட்டார் கரண்டே எடுக்கவில்லை என்று அர்த்தம். எடுக்காத மோட்டாருக்குப் புது பேட்டரி போட்டு என்ன பிரயோஜனம்?

மல்டிமீட்டரை எடுத்தேன். சும்மா இருக்கும்போது பேட்டரியில் 12.6 வோல்ட், அதாவது முழு சார்ஜ். அடம்பிடிக்கும் நேரத்தில் சாவியைத் திருப்பிப் பிடித்தால் 12.5. எப்போதாவது எடுக்கிறபோது இன்ஜின் சோம்பலாகச் சுழன்றது, ஆனால் மீட்டர் 11.5-க்குக் கீழே இறங்கவில்லை. இதைத்தான் பலர் தலைகீழாகப் புரிந்துகொள்கிறார்கள்: மெதுவாகச் சுழல்கிறது, பேட்டரி வோல்டேஜும் இறங்கவில்லை என்றால் பேட்டரியைச் சந்தேகிக்கவே வேண்டாம். வழியில் எங்கோ தடை இருக்கிறது. அது கேபிளாக இருக்கலாம், எர்த்தாக இருக்கலாம், சொலினாய்டுக்குள் (மோட்டாருக்குக் கரண்டைத் திறந்துவிடும் மின்காந்த ஸ்விட்ச்) இருக்கும் செம்புத் தொடுமுனையாக இருக்கலாம், மோட்டாருக்குள்ளேயும் இருக்கலாம்.

கேபிளையும் எர்த்தையும் தனித்தனியாகப் பார்த்தேன். சாவியைத் திருப்பிப் பிடித்தபடி பேட்டரியின் நெகட்டிவ் முனைக்கும் இன்ஜின் பாடிக்கும் நடுவே மீட்டரை வைத்தால், செல்ஃப் சுழலும்போது 0.2 வோல்ட் அளவுக்குள் இருக்க வேண்டும். எனக்கு அதைவிடக் குறைவு. பாசிட்டிவ் கேபிளிலும் குறை இல்லை. கடைசியாக, சொலினாய்டிலிருந்து மோட்டாருக்குள் இறங்கும் தடித்த கம்பி மாட்டியிருக்கிற போல்ட். வண்டி எடுக்க மறுத்த ஒரு தருணத்தில் அங்கே 12.4 வோல்ட் காட்டியது. வாசல்வரை கரண்ட் வந்து நிற்கிறது, உள்ளே போகவில்லை. அந்த இடத்தில் எனக்குச் சந்தேகம் தீர்ந்தது. கார்பன் பிரஷ்தான், மோட்டாரின் சுழலும் பகுதியைத் தொட்டுக்கொண்டே கரண்ட் கொடுக்கும் சின்னக் கட்டை.

இன்னொரு குழப்பம் இருந்தது. சில நாட்களில் அந்த ‘டக்’ சத்தம்கூட வராது. அப்போதெல்லாம் சாவி ஸ்விட்சும் ரிலேயும்தான் திருடன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். காரணம் பின்னால்தான் புரிந்தது. சொலினாய்டுக்குள் இரண்டு சுருள்கள் உண்டு. ஒன்று உள்ளே இழுப்பது, மற்றது இழுத்ததைப் பிடித்து வைப்பது. இழுக்கும் சுருளுக்குத் தனி எர்த் கிடையாது; மோட்டாரின் பிரஷ், ஆர்மேச்சர் (உள்ளே சுழலும் பகுதி) வழியாகத்தான் அதன் எர்த் போகிறது. பிரஷ் தொடவே இல்லை என்றால் இழுக்கும் சுருளும் செத்துவிடும். பிடித்து வைக்கும் சுருளுக்குத் தனியாக இழுக்கும் வலு கிடையாது. ஆகவே தேய்ந்த பிரஷ் ஒரு நாள் ‘டக்’ என்று ஏமாற்றும், இன்னொரு நாள் மௌனமாக ஏமாற்றும்.

தட்டிப் பார்க்கும் வைத்தியம் எல்லோருக்கும் தெரிந்ததுதான். சுத்தியலின் மரப்பிடியால் மோட்டார் உடம்பில் இரண்டு தட்டு, உடனே எடுத்துவிடும். அதிர்வில் பிரஷ் கொஞ்சம் இறங்கி, ஆர்மேச்சரின் முனையில் செம்புப் பட்டைகளால் ஆன கம்யூட்டேட்டரைத் தொட்டுவிடுகிறது. நானும் இரண்டு வாரம் அப்படி ஓட்டினேன். ஆனால் இப்போது வரும் பல செல்ஃப் மோட்டார்களில் சுற்றிவர ஒட்டியிருப்பது நிரந்தரக் காந்தம். ஓங்கி அடித்தால் காந்தம் விரிசல் விடும். வீட்டுக்குப் போய்ச்சேரத் தட்டலாம், தினசரிப் பழக்கமாக வேண்டாம்.

கழற்றும் வேலை பற்றிப் பெரிதாகச் சொல்ல எதுவும் இல்லை. பேட்டரியின் நெகட்டிவை முதலில் கழற்ற வேண்டும். மோட்டாருக்கு வரும் தடித்த கேபிளில் சாவி ஆஃப் ஆக இருந்தாலும் எப்போதும் கரண்ட் இருக்கும், நடுவில் ஃபியூஸும் இருக்காது, ஸ்பானர் பாடியில் பட்டால் வாணவேடிக்கைதான். மேல் போல்ட் கைக்கு எட்டியது. கீழ் போல்ட்டுக்கு வண்டிக்கு அடியில் போக வேண்டியிருந்தது. ஜாக்கை மட்டும் நம்பி யாரும் போகக் கூடாது, ஸ்டாண்ட் வைத்தே தீர வேண்டும். எனக்கு அந்த ஒரு போல்ட்டே ஒரு மணி நேரம் எடுத்தது.

மேஜையில் வைத்து, திறப்பதற்கு முன் மோட்டார் உடம்பிலும் மூடியிலும் சேர்த்து ஒரு கோடு கிழித்தேன். திரும்ப மாட்டும்போது அதே இடத்தில் உட்கார வேண்டும். பின்மூடியில் இரண்டு நீள போல்ட், பிரஷ் தட்டைப் பிடிக்கும் இரண்டு சின்ன ஸ்க்ரூ. மூடியை எடுத்ததும் கறுப்புப் பொடி கொட்டியது. 11 வருடம் தேய்ந்த செம்பும் கார்பனும். மூக்கில் துணி கட்டிக்கொள்வது நல்லது.

நான்கு பிரஷ்கள். இரண்டு எர்த், இரண்டு பாசிட்டிவ். வெர்னியரில் அளந்தேன்: எர்த் பக்கம் 8 மில்லிமீட்டர், 7.5. பாசிட்டிவ் பக்கம் 6, 5.5. புதிதில் இதன் நீளம் 15. மாடலுக்கு மாடல் வரம்பு மாறும், ஆனால் பாதிக்கு மேல் தேய்ந்தால் மாற்றிவிடுவது பொதுவான கணக்கு. எனக்கு ஆச்சரியம் தந்தது நீளம் இல்லை. 5.5 மில்லிமீட்டர் கட்டையாக இருந்தாலும் தொட்டால் கரண்ட் போகத்தான் செய்யும். அது தொடவில்லை. பிரஷின் பின்னாலிருந்து வரும் செம்புப் பின்னல் கம்பி, பிரஷ் உட்காரும் கூட்டின் பக்கவாட்டில் இருக்கும் பிளவு வழியாக பிரஷோடு சேர்ந்தே இறங்கும். பிளவின் அடி விளிம்பு வந்ததும் கம்பி அதில் இடித்து நின்றுவிட்டது. ஸ்பிரிங் அழுத்திக்கொண்டேதான் இருக்கிறது, ஆனால் பிரஷ் அந்தரத்தில் தொங்குகிறது. விரலால் லேசாக ஆட்டினால் தொடும், விட்டால் விலகும். மாதக்கணக்கில் என்னை அலைக்கழித்த கோளாறு அந்த அரை மில்லிமீட்டர் இடைவெளிதான்.

இனி நான் செய்த தவறு. அளவைச் சொல்லி ஒரு செட் பிரஷ் வாங்கி வந்தேன். அளவு கச்சிதம். ஆனால் கையில் எடுத்தால் எடையே இல்லை. பழையதைத் தரையில் உரசினால் செம்பு நிறம் மின்னியது, புதியது காகிதத்தில் பென்சில் போல எழுதியது. கேட்டால் “எல்லாம் கார்பன்தானே சார்” என்றார் விற்றவர். எல்லாம் ஒன்று இல்லை. செல்ஃபுக்கு வேண்டியது செம்புத்தூள் அதிகம் கலந்த பிரஷ். வெறும் கிராஃபைட் வகையில் தொடும் இடத்தில் மட்டும் சுமார் 1 வோல்ட் வீணாகும். போகிற வழியில் ஒன்று, வருகிற வழியில் ஒன்று என்று 2 வோல்ட். 230 வோல்டில் ஓடும் துளைபோடும் மெஷினுக்கு அது ஒரு பொருட்டே இல்லை. 12 வோல்டில் ஓடுவதற்கு ஆறில் ஒரு பங்கு போச்சு. திருப்பிக் கொடுத்துவிட்டு, மோட்டார் உடம்பில் பொறித்திருந்த எண்ணைச் சொல்லி அதற்கே உரிய பிரஷ் வாங்கினேன். வர ஒரு வாரம் ஆனது, பஸ்ஸில் போனேன்.

பின்னல் கம்பியைப் பற்றவைப்பதுதான் இந்த வேலையிலேயே கடினம். ரேடியோ வேலைக்கு வைத்திருந்த 25 வாட் சோல்டரிங் அயர்ன் அந்தத் தட்டைச் சூடாக்கக்கூட இல்லை. ஈயம் மேலே உருண்டு நின்றது. 100 வாட் ஒன்றைக் கடன் வாங்கினேன். அடுத்த வம்பு, உருகிய ஈயம் விளக்குத் திரியில் எண்ணெய் ஏறுவதைப் போலப் பின்னல் கம்பிக்குள் ஏறப் பார்க்கும். ஏறினால் கம்பி குச்சி போல விறைத்து, பிரஷைக் கூட்டுக்குள் இறங்க விடாது. மூக்குப் பிளையரால் கம்பியின் நடுவில் இறுக்கிப் பிடித்துக்கொண்டால் சூடு பிளையரோடு நின்றுவிடும். முதல் கம்பி விறைத்துப்போன பிறகு கற்றுக்கொண்டது இது. அதைக் கழற்றி மறுபடி வைத்தேன். உங்கள் மாடலுக்கு பிரஷ், கூடு, ஸ்பிரிங் எல்லாம் சேர்ந்த முழுத் தட்டாகக் கிடைத்தால் யோசிக்காமல் அதை வாங்கிவிடுங்கள்.

கம்யூட்டேட்டரில் பள்ளம் இல்லை, கறுத்திருந்தது. 400 நம்பர் உப்புத்தாளைச் சுற்றிப் பிடித்து ஆர்மேச்சரைக் கையால் சுழற்றினேன். எமரித் தாள் வேண்டாம், அதன் துகள் செம்பில் புதைந்து புது பிரஷை அரிக்கும். செம்புப் பட்டைகளின் இடுக்கில் அடைந்திருந்த பொடியை ஊசியால் கீறி எடுத்தேன். பிறகு மீட்டரில் மூன்றே சோதனை: பட்டைக்கும் பட்டைக்கும் தொடர்பு இருக்க வேண்டும், பட்டைக்கும் தண்டுக்கும் இருக்கக் கூடாது. பாசிட்டிவ் பிரஷ் கூட்டுக்கும் தட்டுக்கும் நடுவிலும் இருக்கக் கூடாது. எல்லாம் சரியாக இருந்தது. முன்பக்கப் பல்சக்கரத்தை மட்டும் பெட்ரோலில் கழுவவில்லை. அதன் கிளட்சுக்குள் அடைத்திருக்கும் கிரீஸ் கரைந்து போனால் திரும்ப வைக்க வழியில்லை.

திரும்ப மாட்டும்போது நான்கு பிரஷையும் ஸ்பிரிங்கை மீறி வெளியே பிடித்துக்கொண்டு கம்யூட்டேட்டரை உள்ளே நுழைக்க வேண்டும். கை இரண்டு, பிரஷ் நான்கு. கம்யூட்டேட்டர் அளவுக்கே வெளிச்சுற்று உள்ள ஒரு சாக்கெட்டை நடுவில் வைத்து பிரஷ்களை அதன்மேல் உட்காரவைத்தேன். அப்புறம் கம்யூட்டேட்டரை அதோடு ஒட்டி வைத்துத் தட்டைத் தள்ளினால், சாக்கெட்டிலிருந்து பிரஷ்கள் வழுக்கி இந்தப் பக்கம் வந்துவிடும். முதல் தடவையிலேயே உட்கார்ந்தது. அந்த நாளின் ஒரே அதிர்ஷ்டம்.

காரில் ஏற்றுவதற்கு முன் ஜம்ப் கேபிள் கொடுத்துத் தரையில் ஓட்டிப் பார்த்தேன். காலால் அமுக்கியிருந்தும் மோட்டார் உதறி எழுந்து பக்கத்திலிருந்த போல்ட் டப்பாவைக் கவிழ்த்தது. வைஸில் இறுக்கிவிட்டுத்தான் இதைச் செய்ய வேண்டும், அதுவும் இரண்டு மூன்று நொடிதான்.

மாட்டினேன், சாவியைத் திருப்பினேன், எடுத்தது. இன்ஜின் சுழலும் வேகமே வேறாக இருந்தது. இத்தனை நாள் மெதுவாகச் சுழன்றதை வயதின் தளர்ச்சி என்று நினைத்துப் பழகியிருந்தேன். மீட்டரில் 10.4 வோல்ட். முன்பு 11.5 காட்டிய அதே பேட்டரி. ரிப்பேருக்குப் பிறகு வோல்டேஜ் கூடுதலாக இறங்குகிறதே என்று பயப்பட வேண்டாம், மோட்டார் இப்போதுதான் வயிறாரச் சாப்பிடுகிறது. 9.6-க்குக் கீழே போகாதவரை சரி.

இரண்டு வருடம் ஒரு குறையும் இல்லை. அப்புறம் சாவியை விடும் நேரத்தில் ‘கீச்’ என்று ஒரு சத்தம் வர ஆரம்பித்தது. மறுபடி இறக்கினேன். குற்றவாளி நான்தான். பின்மூடியில் தண்டு உட்காரும் வெண்கல புஷ்ஷில் கறுப்புப் பொடி ஒட்டியிருந்ததால் முதல் தடவை அதைப் பெட்ரோலில் கழுவித் துடைத்து, அப்படியே காய்ந்த நிலையில் மாட்டியிருந்தேன். நுண்துளைகளில் எண்ணெயை உறிஞ்சி வைத்துக்கொள்ளும் வகை புஷ் அது; என் கழுவலில் அதன் எண்ணெய் போய்விட்டது. அதை முழுசாகத் தேயவிட்டிருந்தால் ஆர்மேச்சர் இறங்கிக் காந்தத்தில் உரசியிருக்கும். நல்லவேளை, ஆட்டம் வரவில்லை. ஓர் இரவு முழுக்க எண்ணெயில் ஊறவைத்து மாட்டினேன், சத்தம் போய்விட்டது.

திறந்த சாக்கில் பிரஷையும் அளந்தேன். 15 இருந்தது 13.6 ஆகியிருந்தது. நான்கும் கிட்டத்தட்ட ஒரே அளவு, தொடும் முகம் கம்யூட்டேட்டரின் வளைவுக்கு வழவழவென்று பொருந்தியிருந்தது. வருடத்துக்கு 0.7 மில்லிமீட்டர். இதே கணக்கில் போனால் இந்த பிரஷ் வண்டியைவிட அதிக நாள் உழைக்கும்.

இப்போது மூன்று வருடம் தாண்டிவிட்டது. போன மாதம் ஒரு காலையில் கார் எடுக்கவில்லை. மரப்பிடிச் சுத்தியலை எடுக்கக் கை போனது, ஆனால் முதலில் ஹெட்லைட்டைப் போட்டுவிட்டுச் சாவியைத் திருப்பினேன். ‘டடடட’. சுவரில் வெளிச்சம் சிவந்து அடங்கியது. இந்தத் தடவை நிஜமாகவே பேட்டரி. அன்றைக்குத் தேவையில்லாமல் வாங்கினேனே, அதேதான்.