கை நனைக்காத வரவேற்பு

"எத்தனை இலைங்க?" என்றுதான் சமையல் காண்ட்ராக்டர் பேச்சை ஆரம்பித்தார். "இலையே கிடையாதுண்ணே" என்றேன். போனில் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை.

அண்ணன் மகளுக்குக் கோயம்புத்தூரில் கல்யாணம் முடிந்து, அடுத்த ஞாயிறு சாயங்காலம் காரைக்குடியில் எங்கள் வீட்டு வரவேற்பு. அந்தச் செலவு என்னுடையது என்று முன்பே சொல்லியிருந்தேன். செலவு செய்கிறவனுக்கு யோசனையும் வந்துவிடும் அல்லவா. பந்தி வேண்டாம், கையில் எடுத்துச் சாப்பிடுகிற பலகாரமாக நிறையக் கொடுப்போம், வந்தவர்கள் நின்று பேசிக்கொண்டே சாப்பிடட்டும் என்றேன். சிங்கப்பூரில் எங்கள் அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில் நடக்கும் மலாய்க்காரர் கல்யாணங்களை இருபது வருடமாகப் பார்க்கிறேன். காலையிலிருந்து சாயங்காலம் வரை ஆள் வருவார்கள், சாப்பிடுவார்கள், வாழ்த்திவிட்டுப் போவார்கள். நெரிசலே இருக்காது. நம் ஊரில் என்ன நடக்கிறது? ஒருவர் பாயசத்தை உறிஞ்சிக்கொண்டிருக்கும்போதே அவர் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு இன்னொருவர் நிற்பார். பிடறியில் அந்தப் பார்வை படப்பட அப்பளத்தை நொறுக்குவது எனக்கு எப்போதுமே பிடித்ததில்லை.

பலகாரத்துக்குக் காரைக்குடியில் பஞ்சமா? செட்டியார் வீட்டுக் கல்யாணங்களில் சாயங்கால வேளைக்கு இடைப்பலகாரம் என்றே தனியாக உண்டு. அதிலிருந்துதான் எடுத்தேன்: வெள்ளைப் பணியாரம், மசாலா சீயம், கந்தரப்பம், சிறு தொன்னையில் கவுனி அரிசி என்கிற கறுப்பரிசி இனிப்பு. கூடவே பருப்பு வடையும் வாழைக்காய் பஜ்ஜியும். சாம்பார் கூடாது, சட்னி கெட்டியாக இருக்கவேண்டும் என்று சொல்லிவிட்டேன். நின்று சாப்பிடுகிறவன் சட்டையில் சாம்பார் ஊற்றிக்கொள்வான் என்பது வரைக்கும் எனக்கு அறிவு வேலை செய்தது.

அளவுதான் காண்ட்ராக்டருக்குப் புதிர். பின்னால் சாப்பாடு வருகிறதென்றால் ஆளுக்கு ஐந்தாறு உருப்படி போதும், இதுவே சாப்பாடு என்றால் பத்துப் பன்னிரண்டு வேண்டும் என்பது வெளிநாட்டுக் கேட்டரிங்காரர்கள் போடும் கணக்கு. 350 பேருக்கு 4,200 உருப்படி. அதைச் சொன்னதும் காண்ட்ராக்டர் டிபன் இலையைவிட ஆளுக்கு 40 ரூபாய் கூடக் கேட்டார். சாம்பாரும் இல்லை, இலையும் இல்லை, பிறகு எதற்குக் கூட என்றேன்.

"இட்லின்னா ஒரு ஈட்டுல நூறு எடுத்துரலாம் தம்பி. வெள்ளைப் பணியாரம் ஒண்ணொண்ணாத்தான் ஊத்தணும்."

அது உண்மைதான். பச்சரிசியைத் தலைதட்டி அளந்து, அதே படியின் மேல் உளுந்தைக் கோபுரமாகக் குவித்து அரைக்கிற மாவு அது. கரண்டியால் ஒன்று ஊற்றி, அது எண்ணெயில் எழும்பி, திருப்பி, சிவக்கும் முன் எடுத்துவிட்டுத்தான் அடுத்தது. நின்று சாப்பிட்டால் செலவு குறையும் என்று நினைத்திருந்த என் கணக்கு அந்த இடத்திலேயே போய்விட்டது.

மற்ற ஏற்பாடுகளில் பெரிய குறை இல்லை. சிங்கப்பூரிலிருந்து திருச்சிக்கு நான்கு மணி நேர விமானம், அங்கிருந்து காரில் இரண்டு மணி நேரம். மண்டபத்தில் வாடகை தனி, துப்புரவு தனி, ஜெனரேட்டர் டீசல் தனி. கரண்ட் மீட்டரை நாம் உள்ளே நுழையும்போதும் கிளம்பும்போதும் குறித்துக்கொள்கிறார்கள். நீங்களும் கூட நின்று போனில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். தட்டுக்கு அலையவேண்டியதே இல்லை. 2019-இல் தமிழ்நாட்டில் பிளாஸ்டிக் தடை வந்தபிறகு பாக்குமட்டைத் தட்டு எல்லா அளவிலும் கிடைக்கிறது.

என் பெரிய தப்பு நேரம். பத்திரிகையில் "மாலை 6.30 முதல்" என்று போட்டிருந்தோம். இடைப்பலகாரத்தை நாலு மணிக்குக் கொடுத்தால் அது இடைப்பலகாரம். ஏழு மணிக்குக் கொடுத்தால், சாப்பாடு பின்னால் வருகிறது என்றுதான் யாரும் நினைப்பார்கள். ஏழரைக்கு ஒருவர் என்னிடமே வந்து, "பந்தி எத்தனை மணிக்கு ஆரம்பிப்பீங்க?" என்று கேட்டார். அவர் கையில் வடை இருந்தது.

அடுத்தது சர்வீஸ் பையன்கள். வாளியும் கரண்டியும் கொடுத்தால் அவர்களை மிஞ்ச ஆளில்லை. யார் இலையில் சாதம் காய்ந்து கிடக்கிறது என்பது நடக்கிற நடையிலேயே அவர்களுக்குத் தெரிந்துவிடும். ஆனால் தட்டை ஏந்திக்கொண்டு கூட்டத்துக்குள் போ என்றால் கூச்சப்படுகிறார்கள். சமையல்கட்டு வாசலில் நின்ற நாலு குடும்பமே முதல் அரைமணி நேரம் எல்லாத் தட்டையும் காலி செய்துவிட்டது. மேடைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தவர்களுக்குப் பணியாரம் கண்ணிலேயே படவில்லை. கடைசியில் காண்ட்ராக்டரே வெளியே வந்து, "பின்னாடியிலேருந்து குடுத்துட்டு வாங்கடா!" என்று ஒரு சத்தம் போட்டபிறகுதான் சரியானது.

மறுக்கக்கூடாது, பாதிப் பேருக்கு இது பிடித்திருந்தது. பெண்ணின் தோழிகளும், அண்ணனோடு வேலை பார்ப்பவர்களும் நாற்பது நிமிடத்தில் சாப்பிட்டு, படம் எடுத்து, சந்தோஷமாகக் கிளம்பினார்கள். கவுனி அரிசித் தொன்னையை ஒருவருக்கொருவர் கைமாற்றிக்கொண்டு நின்றது பார்க்க நன்றாக இருந்தது.

பெரியவர்கள் விஷயம்தான் வேறு. நடமாட இடம் வேண்டுமென்று பாதி நாற்காலிகளை அடுக்கி ஓரத்தில் வைக்கச் சொன்னவன் நான். பெரியப்பாவுக்கு எழுபத்தெட்டு வயது. இடது கையில் தட்டு, வலது கையில் கடித்த பணியாரம். அந்த நேரம் பார்த்து சம்பந்தி வந்து கும்பிட்டார். திரும்பக் கும்பிட இவருக்குக் கை இல்லை. தட்டை ஜன்னல் திட்டில் வைத்து, துண்டில் விரலைத் துடைத்து, கும்பிட்டார். அப்புறம் அந்தத் தட்டை எடுக்கவே இல்லை. மொய் எழுதினார், செருப்பைத் தேடினார், போய்விட்டார்.

"பெரியப்பா கை நனைக்காமப் போயிட்டாருப்பா" என்றார் அத்தை.

"ரெண்டு பணியாரம் சாப்பிட்டாரே அத்தை, நான் பார்த்தேன்."

"நின்னுக்கிட்டுத் தின்னா அதுக்குப் பேரு தீனி."

யோசித்துப் பார்த்தால் அன்றைக்கு அந்த மண்டபத்தில் ஒருவருமே கை நனைக்கவில்லை. டிஷ்யூ காகிதம் கொடுத்திருந்தேன்.

பத்து மணிக்குக் கணக்கு முடிக்க உட்கார்ந்தபோது இன்னொன்று தெரிந்தது. பந்தியில் விழுந்த இலையை எண்ணினால் ஆள் கணக்கு வந்துவிடும், காண்ட்ராக்டருக்கும் நமக்கும் சண்டை இல்லை. தட்டு அப்படி இல்லை. ஒருவரே மூன்று முறை புதுத் தட்டு எடுத்திருந்தார்கள். குப்பைக் கூடையில் 470 தட்டு. வந்தவர்கள் அத்தனை பேர் இல்லை என்பது அவருக்கும் தெரியும். தாம்பூலப் பையை எண்ணினோம். 350-இல் 41 மீதி, ஆக 309 என்றான் அண்ணன். "பிள்ளைகளுக்குப் பை குடுக்கலியே, அதுக வயிறு கணக்குல இல்லையா?" என்றார் அவர். 330-க்குப் பணம் கொடுத்தோம்.

இதைச் செய்துதான் பார்ப்பேன் என்பவர்கள் நாலு மணிக்கு வையுங்கள். எல்லாருக்கும் நாற்காலி போடுங்கள். அறுபது வயதுக்கு மேற்பட்டவர்களுக்கு ஒரு நாற்பது இலையாவது தனியாகப் போட்டு, இட்லியும் தயிர்சாதமும் வைத்து, வீட்டு ஆள் ஒருவர் பக்கத்தில் நின்று "இன்னும் ஒண்ணு வைக்கட்டுமா" என்று கேளுங்கள். அப்படியானால் அது பந்திதானே என்று அண்ணன் கேட்கிறான். ஆமாம், சின்னப் பந்தி.

கவுனி அரிசி ஒரு அடுக்குப் பாத்திரம் நிறைய மிஞ்சியது. மறுநாள் காலை ஒரு தூக்குவாளியில் கொஞ்சம் எடுத்துக்கொண்டு பெரியப்பா வீட்டுக்குப் போனேன். பெரியம்மா வாங்கிக் கொட்டிக்கொண்டு, வாளியைக் கழுவி, வெறுமனே தரக்கூடாதென்று ஒரு பிடி சர்க்கரை போட்டுத் திருப்பிக் கொடுத்தார். பெரியப்பா பேப்பரிலிருந்து தலையைத் தூக்கவில்லை.