சாரதி போர்ட்டல்ல லைசன்ஸ் ரெனியூவல்: எங்க வீட்டு ரெண்டு லைசன்ஸ் அனுபவம்

ஒரே வருஷத்துல ரெண்டு டிரைவிங் லைசன்ஸ் ரெனியூவல் பண்ண வேண்டியதாப் போச்சு, ஒன்னு என்னோடது, இன்னொன்னு அப்பாவோடது. ரெண்டையும் புரோக்கர் இல்லாம, மத்திய போக்குவரத்து அமைச்சகத்தோட பரிவாகன் சைட்ல லைசன்ஸ் வேலைக்குன்னு இருக்கிற சாரதி போர்ட்டல்ல நானே உக்காந்து பண்ணேன். அதனால விவரமா எழுதிடறேன், 40 தாண்டினவங்களும் வீட்டுல வயசான அப்பா அம்மா வண்டி ஓட்டறவங்களும் முழுசா படிங்க.

முதல்ல என் கதை. நான் லைசன்ஸ் எடுத்தது 2005ல, 21 வயசுல. அப்போ இருந்த சட்டப்படி 20 வருஷம் இல்லன்னா 50 வயசு, இதுல எது முன்னாடி வருதோ அதுவரைக்கும் செல்லும். 20 வருஷம்னதும் மனசுல "அது கெடக்கு, ரொம்ப நாள் இருக்கு"ன்னு பதிஞ்சிருச்சு. ஒரு நாள் வேற எதுக்கோ டிஜிலாக்கர் (லைசன்ஸ் மாதிரி ஆவணங்கள போன்லயே வச்சிக்கிற அரசு ஆப்) திறந்தப்போ தான் தேதிய பாத்தேன், முடிஞ்சு 3 வாரம் ஆயிருந்துச்சு. அந்த 3 வாரமும் தினமும் ஸ்கூட்டர்ல ஆபீஸ் போயிருக்கேன், பின்னாடி பொண்ண வேற உக்கார வச்சிருக்கேன். கை கால் எல்லாம் உதறிப் போச்சு.

ஏன்னா நிறைய பேரு இன்னும் "முடிஞ்ச பிறகு ஒரு மாசம் டைம் இருக்கு"ன்னு தான் நினைச்சிட்டு இருக்காங்க. அது பழைய சட்டம். 2019ல மோட்டார் வாகனச் சட்டத்த திருத்தினப்போ அந்த 30 நாள் சலுகைய எடுத்துட்டாங்க. தேதி முடிஞ்ச மறுநாளே அது செல்லாத லைசன்ஸ் தான். செல்லுபடியாகிற லைசன்ஸ் இல்லாம ஓட்டினா அபராதம் முன்ன 500 ரூபாய் இருந்தது, இப்போ 5000. அதை விடுங்க, அந்த நேரத்துல ஒரு விபத்து நடந்தா இன்சூரன்ஸ்காரங்க மொதல்ல பாக்கிறது அன்னைக்கு ஓட்டினவரோட லைசன்ஸ் உயிரோட இருந்துச்சான்னு தான். அன்னைக்கு சாயங்காலமே ஸ்கூட்டர் சாவிய டப்பாவுல போட்டுட்டு பஸ்ல போக ஆரம்பிச்சேன்.

அதே திருத்தத்துல நமக்கு நல்லதும் ஒன்னு செஞ்சிருக்காங்க, அது பலருக்கு தெரியல. முடியற தேதிக்கு ஒரு வருஷம் முன்னாடியே அப்ளை பண்ணலாம். முடிஞ்சு ஒரு வருஷத்துக்குள்ள போட்டாலும் மறுபடி ஓட்டிக் காட்ட வேண்டியதில்ல. ஒரு வருஷம் தாண்டிட்டா டெஸ்ட் கட்டாயம், முன்ன இதுக்கு 5 வருஷம் வரைக்கும் விட்டாங்க. இந்த ஒரு வருஷம் முன்னாடிங்கிறத நல்லா மனசுல வச்சிக்கோங்க, எங்க அப்பா விஷயத்துல எங்கள காப்பாத்தினது அது தான், கீழ சொல்றேன்.

எவ்வளவு வருஷத்துக்கு ரெனியூவல் குடுப்பாங்கங்கிற கணக்கும் மாறிருச்சு. சொந்த வண்டி ஓட்டறவங்களுக்கு, 30 வயசுக்குள்ளன்னா 40 வயசு வரைக்கும், 30லருந்து 50க்குள்ளன்னா 10 வருஷம், 50லருந்து 55க்குள்ளன்னா 60 வயசு வரைக்கும், 55க்கு மேலன்னா 5 வருஷம். டாக்சி, லாரி மாதிரி டிரான்ஸ்போர்ட் வண்டிக்கு 5 வருஷம், அதுலயும் ஆபத்தான சரக்கு ஏத்தறவங்களுக்கு 3 வருஷம். எனக்கு 10 கிடைச்சுது, அப்பாவுக்கு 5.

இப்போ போர்ட்டல். பரிவாகன் சைட்டுக்குள்ள போயி டிரைவிங் லைசன்ஸ் சேவைகள், அதுல மாநிலத்த தேர்ந்தெடுத்தா டிஎல் ரெனியூவல் வரும். லைசன்ஸ் நம்பர், பிறந்த தேதி, கேப்ச்சா போட்டா நம்ம பழைய விவரம் எல்லாம் வந்து நிக்குது. நான் பயந்த மாதிரி இல்ல, வரிசையா ஒவ்வொரு படியா கூட்டிட்டு போகுது, ஆர்டிஓ எதுன்னு சரிபாக்கணும், ஃபாரம் 1 (நம்ம உடல்நிலை பத்தி நாமளே எழுதிக் குடுக்கறது) நிரப்பணும், டாக்குமென்ட் ஏத்தணும், பணம் கட்டணும், அவ்ளோ தான். முகவரி மாறியிருந்தா ரெனியூவலோட சேத்து அதையும் ஒரே விண்ணப்பத்துல டிக் பண்ணிக்கலாம், தனியா இன்னொரு தடவ அலைய வேணாம், நான் அப்படி தான் பண்ணேன். போட்டோவும் கையெழுத்தும் ரொம்ப சின்ன சைஸ்ல கேக்குது, போன்ல எடுத்த படத்த அப்படியே போட்டா எடுக்காது, முன்னாடியே சுருக்கி வச்சிக்கோங்க.

ஃபீஸ் மத்திய விதிப்படி ரெனியூவலுக்கு 200 ரூபாய், கார்டுக்கு 200. லேட்டா போனா 200ங்கிறது 300 ஆகும், தாமதமான ஒவ்வொரு வருஷத்துக்கும் 1000 ரூபாய் கூடுதல்னும் விதியில இருக்கு. மாநிலம் வாங்கற சர்வீஸ் சார்ஜ் தனி. மொத்தம் எவ்வளவுன்னு பணம் கட்டற பக்கத்துல தனித்தனியா பிரிச்சு காட்டிடுது, அதனால ஒருத்தர் சொல்ற தொகைய நம்பி குடுக்க வேண்டிய அவசியமே இல்ல. ரசீதும் விண்ணப்ப நம்பரும் பத்திரமா வச்சிக்கோங்க, அந்த நம்பர வச்சு தான் ஸ்டேட்டஸ் பாக்க முடியும்.

ஆதார் வழியா போனா என்னோடத வீட்டுல இருந்தே முடிக்க முடிஞ்சுது. நேர்ல வராமலே பண்ணிக்கலாம்னு 2021 மார்ச்சுல மத்திய அரசு அறிவிச்ச 18 சேவைகள்ல டெஸ்ட் தேவையில்லாத ரெனியூவலும் ஒன்னு. ஆனா ஆதார்ல இப்போ நீங்க பயன்படுத்தற போன் நம்பர் இருக்கணும், ஓடிபி அதுக்கு தான் வரும்.

இங்க தான் அப்பாவோட விஷயம் சிக்கிச்சு. போன தடவ அவரு ரெனியூவல் பண்ணினப்போ பக்கத்துல ஒரு பிரவுசிங் சென்டர்ல குடுத்திருக்காரு, அவங்க லைசன்ஸ் விவரத்துல அப்பா நம்பருக்கு பதிலா கடை நம்பர போட்டு விட்டுட்டாங்க. ஆதார்லயும் எப்பவோ தூக்கிப் போட்ட பழைய சிம் நம்பர். ரெண்டு ஓடிபியும் ரெண்டு பக்கமா போகுது, நானும் அவரும் போன பாத்துட்டு உக்காந்திருக்கோம். அந்த கடை இப்போ இல்ல. சாரதிலயே மொபைல் நம்பர் மாத்தறதுக்குன்னு தனியா ஒரு இடம் இருக்கு, அதுல சரி பண்ணேன், ஆதாருக்கு சென்டருக்கு கூட்டிட்டு போனேன். யாரையாவது வச்சு அப்ளை பண்ணினாலும் பரவாயில்ல, நம்பர் கட்டம் வரும்போது பக்கத்துல நின்னு உங்க நம்பர் தானான்னு பாத்துக்கோங்க, இத கெஞ்சி கேட்டுக்கறேன்.

அடுத்தது மெடிக்கல். இது தான் நான் ரொம்ப எழுத நினைச்சது. 40 வயசுக்கு மேல போனா ஃபாரம் 1 மட்டும் போதாது, பதிவு பெற்ற டாக்டர் பாத்து கையெழுத்து போட்டு குடுக்கற ஃபாரம் 1-ஏ வேணும். டிரான்ஸ்போர்ட் வண்டி ஓட்டறவங்களுக்கு எந்த வயசுலயும் வேணும். பெரும்பாலும் என்ன நடக்குதுன்னா, ஒரு ஃபாரமும் போட்டோவும் நீட்டினா தலைய கூட நிமிராம சீல் வச்சு குடுத்துடறாங்க. எனக்கே அப்படி தான் ஒரு இடத்துல நடந்துச்சு. பிபி இல்ல, கண் டெஸ்ட் இல்ல, உக்காருங்கன்னு கூட சொல்லல, 2 நிமிஷத்துல வெளிய வந்துட்டேன். அப்போ நானும் வேலை முடிஞ்சுதுன்னு சந்தோஷமா தான் வந்தேன், அது தப்புன்னு அப்பா விஷயத்துல தான் உறைச்சுது.

ஃபாரம் 1ல இருக்கிற கேள்விய யாரும் படிக்கறதில்ல, வரிசையா டிக் அடிச்சிட்டு போயிடறோம். வலிப்பு, திடீர் மயக்கம், தலைசுத்தல் உண்டா, சிவப்பும் பச்சையும் பிரிச்சு தெரியுதா, மாலைக்கண் இருக்கா, ஹாரன் சத்தம் காதுல விழுதா. அதுல ஒரு கேள்வி, நல்ல பகல் வெளிச்சத்துல 25 மீட்டர் தூரத்துல இருக்கிற காரோட நம்பர் பிளேட்ட ஒவ்வொரு கண்ணாலயும், கண்ணாடி போடறவங்க கண்ணாடியோட, படிக்க முடியுதான்னு கேக்குது. அப்பாவுக்காக நிரப்பிட்டு இருந்தப்போ இத சத்தமா படிச்சேன். "முடியும் முடியும், போடும்மா"ன்னாரு. என்னமோ தோணுச்சு, "வாங்கப்பா, வெளிய போயி ஒரு தடவ பாத்துடலாம்"னு கூட்டிட்டு போனேன்.

தெரு முனைல யாருதோ ஒரு வெள்ளை கார் நின்னுச்சு, எங்களுக்கு தெரியாத வண்டி. அதுலருந்து 33 எட்டு வச்சேன், என் கால் அளவுக்கு ஏறக்குறைய 25 மீட்டர் வரும். வலது கைய வலது கண்ணுல வச்சு மறைச்சுக்கிட்டு இடது கண்ணால கடகடன்னு படிச்சிட்டாரு. அடுத்து இடது கண்ண மூடினாரு. எழுத்த படிச்சாரு, நம்பர் வந்ததும் நின்னுட்டாரு. "மூனு... இல்ல எட்டு... வெயிலு கூசுதும்மா, வெள்ளையா பரவுது"ன்னாரு. நான் ஒன்னும் பேசல. அவரும் கைய எடுக்காம அப்படியே கொஞ்ச நேரம் நின்னாரு. தினமும் என் பொண்ண ஸ்கூலுக்கு கார்ல கொண்டு விடறது அவரு தான்.

வீட்டுக்கு வந்ததும் "ஒரு கையெழுத்து தானேம்மா, அந்த டாக்டர்கிட்டயே வாங்கிடலாமே, இன்னொரு கண்ணு நல்லா தானே தெரியுது"ன்னு கேட்டாரு. அப்பாகிட்ட நான் எதிர்த்து பேசினதே கெடையாது. அன்னைக்கு, "நீங்க ஓட்டறப்போ உள்ள இருக்கிறது உங்க பேத்திப்பா, ரோட்டுல நடக்கிறது இன்னொருத்தர் பேத்தி"ன்னு சொல்லிட்டேன். அதுக்கப்புறம் அவரு பேசல, மறுநாள் காலையில அவரே சட்டை போட்டு ரெடியா உக்காந்திருந்தாரு.

கண் டாக்டர் பாத்தாங்க, வலது கண்ணுல நல்லா முத்தின கண்புரை. வெளிச்சம் கூசறது, எதிர்ல வர்ற லைட்ட சுத்தி வட்டமா தெரியறது எல்லாம் அதோட அறிகுறி தான்னு சொன்னாங்க, அப்பா இத்தனை நாளா கண்ணாடி பவர் மாறிருச்சுன்னு நினைச்சிருக்காரு. ஆபரேஷன் முடிஞ்சு அன்னைக்கே வீட்டுக்கு அனுப்பிட்டாங்க. சொட்டு மருந்து, ஒரு மாசம் கழிச்சு புது கண்ணாடி நம்பர், நாங்க சொல்ற வரைக்கும் ஸ்டியரிங் தொடக் கூடாதுன்னு கண்டிப்பா சொல்லிட்டாங்க. அவரு லைசன்ஸ் முடிய அப்போ இன்னும் 4 மாசம் இருந்துச்சு. கடைசி வாரத்துல ஆரம்பிச்சிருந்தா அந்த அவசரத்துல எங்கயாவது ஒரு சீல் வாங்கிட்டு தான் போயிருப்போம், எனக்கு நல்லா தெரியும். ஒரு வருஷம் முன்னாடியே அப்ளை பண்ணலாம்ங்கிறது இதுக்கு தான் உதவுச்சு.

கண் சரியானதும் ஃபாரம் 1-ஏக்கு எங்க குடும்ப டாக்டர்கிட்டயே போனோம், சுவத்துல இருக்கிற எழுத்துப் பலகைய படிக்க வச்சு, கலர் புத்தகம் காட்டி, கை கால் அசைச்சு பாத்து, காது பாத்து அப்புறம் தான் எழுதினாங்க, 20 நிமிஷம் ஆச்சு. ஆதார்ல நம்பர் மாத்தினது இன்னும் ஏறாததால அப்பாவுக்கு மட்டும் ஸ்லாட் போட்டு ஆர்டிஓ ஆபீசுக்கு நேர்ல போனோம். கேட் வாசல்லயே ஒருத்தரு "சார் ரெனியூவலா, உள்ள போனா நாள் பூரா ஆகும்"னு பின்னாடியே வந்தாரு. நாங்க நேரா கவுன்டருக்கு போயிட்டோம், பழைய லைசன்ஸ், ஆதார், மெடிக்கல் ஒரிஜினல், ரசீது எல்லாத்தையும் வரிசையா அடுக்கி வச்சிருந்தோம், சரிபாத்து போட்டோ எடுத்து முக்கால் மணி நேரத்துல அனுப்பிட்டாங்க. கவுன்டர்ல இருந்த மேடம் எங்க அப்பாவ உக்கார வச்சு பொறுமையா பேசினாங்க, அத சொல்லியே ஆகணும்.

விண்ணப்பத்துல உடல் உறுப்பு தானம் பண்ண சம்மதமான்னு ஒரு கேள்வி வருது. நான் தாண்டிப் போகப் பாத்தேன், அப்பா நிறுத்தி "அது என்ன"ன்னு கேட்டு, "ஆமான்னு போடு"ன்னாரு. நானும் என்னோடதுல மாத்தி போட்டுக்கலாமான்னு பாத்தா அதுக்குள்ள என் விண்ணப்பம் முடிஞ்சிருச்சு, அது எனக்கு வருத்தம் தான்.

கார்டு கையில குடுக்க மாட்டாங்க, தமிழ்நாட்டுல ஸ்பீட் போஸ்ட்ல தான் வீட்டுக்கு வருது. அதனால முகவரி சரியா இருக்கணும், வாங்க ஆள் இல்லாம திரும்பிப் போனா அலைச்சல். கார்டு வர்றதுக்கு முன்னாடியே டிஜிலாக்கர்ல புது தேதி வந்துருச்சு, போலீஸ் கேட்டா அத காட்டினாலும் செல்லும்.

5க்கு 4 குடுக்கறேன். போர்ட்டல் நல்லா வேலை செய்யுது, கட்டணம் வெளிப்படையா இருக்கு. குறைச்ச அந்த ஒன்னு ஃபாரம் 1-ஏக்கு, டாக்டர் நிஜமாவே பாத்தாங்களான்னு அந்தப் பக்கத்துல யாரும் கேக்கறதில்ல, நாமளா கேட்டுக்கிட்டா தான் உண்டு.

அடுத்து சித்தப்பாவோடது. அவரு வச்சிருக்கிறது இன்னும் அந்த பழைய புக் லைசன்ஸ், சாரதில நம்பர் போட்டா வரவே இல்ல. அது மாதிரி உள்ளவங்க மொதல்ல லைசன்ஸ் குடுத்த ஆர்டிஓவுல புக்க காட்டி பேக்லாக் என்ட்ரி, அதாவது பழைய விவரத்த கம்ப்யூட்டர்ல ஏத்தறது, பண்ண சொல்லணும், அப்புறம் தான் ஆன்லைன்ல எதுவும் நடக்கும். திங்கட்கிழமை கூட்டிட்டு போறேன். அதுக்கு முன்னாடி ஞாயித்துக்கிழமை அந்த 33 எட்டு நடக்க வச்சிடணும்னு அப்பா இப்பவே சொல்லிட்டு இருக்காரு.