கோத்தகிரியில் ஜகார்த்தா காப்பி: ருசி ஓகே, விலைதான் இடிக்கிறது

டானிங்டன் போகிற வழியில் புதிதாக ஒரு குட்டிக் கடை, இந்தோனேசியப் பசங்க உயிரை விடுகிற எஸ் கோப்பி சூசூ கிடைக்கும் என்று போர்டு. கடை பெயர் வேண்டாம், குறையும் சொல்லப்போகிறேன்.

எஸ்பிரெசோ, பால், ஐஸ், அடியில் வெல்லப்பாகு, அவ்வளவுதான். அங்கே அரென் என்கிற பனைவகையின் பதநீரைக் காய்ச்சிய வெல்லம், இங்கே தம்பி போடுவது உடன்குடி கருப்பட்டி. கூடலூர் ரொபஸ்டாவின் கசப்போடு அந்தப் புகைவாசம் நன்றாகவே சேருகிறது, ஆனால் அடிவரை கலக்கிவிட்டுக் குடியுங்கள், இல்லாவிட்டால் முதல் பாதி வெறும் கசப்பு, கடைசி வாய் பாயசம். ஜகார்த்தா புழுக்கத்துக்கு ஐஸ் சரி, மூடுபனி இறங்குகிற சாயந்திரத்தில் பல் கூசுகிறது. சூடாகக் கேட்டாலும் போட்டுத் தருகிறார், மெனுவில்தான் இல்லை. அதையே வாங்குங்கள்.

விலை 220. இங்கேதான் எனக்கு இடிக்கிறது. 2015-ல் தெற்கு ஜகார்த்தாவின் சிப்பேத்தேயில் தொடங்கிய துக்கு என்ற சின்னக் கடை இதைப் பிரபலமாக்கியது, 2017-ல் இந்தோனேசியாவின் அப்போதைய அதிபர் ஜோக்கோ விடோடோவே வந்து குடித்துவிட்டுப் போனார். விற்றது 18,000 ரூபியாவுக்கு, நம் காசுக்கு ஏறக்குறைய நூறு ரூபாய். பாக்கெட் காப்பித்தூளுக்கும் பெரிய பிராண்டு கடைக்கும் நடுவில் ஒரு விலை என்பதால்தான் மாணவர்களும் ஆபீஸ் பிள்ளைகளும் மொய்த்தார்கள். இங்கே நான் போனபோது உட்கார்ந்திருந்தது முழுக்க டூரிஸ்ட், உள்ளூர்ப் பசங்க ஒருவர்கூட இல்லை.

நீலகிரியில் பிளாஸ்டிக் கப் தடை என்பதால் பார்சல் கண்ணாடி பாட்டிலில், திருப்பித் தந்தால் 30 ரூபாய் தள்ளுபடி. இது பிடித்திருந்தது.

அப்புறம் இண்டோமி மி கோரெங் என்கிற இன்ஸ்டன்ட் நூடுல்ஸ், 130. அங்கே ராத்திரியெல்லாம் திறந்திருக்கும் வார்மிண்டோ கடைகளில் ஹாஸ்டல் பிள்ளைகளின் சாப்பாடு இது. தண்ணீரைச் சுத்தமாக வடித்துவிட்டுத்தான் மசாலா, எண்ணெய், இனிப்பு சோயா சாஸ் எல்லாம் பிரட்ட வேண்டும், இவர்கள் பாதிதான் வடித்திருந்தார்கள், சொதசொதவென்று இருந்தது. மேலே வைத்த ஆஃப்பாயிலும் சம்பால் என்கிற மிளகாய் விழுதும் மட்டும் அருமை, கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

மூலையில் பழைய ஜாக்கெட் ஸ்டாண்ட் ஒன்று, ஜகார்த்தாவின் பழைய துணிச் சந்தையான பசார் செனென் பாணியாம். பழைய துணி இறக்குமதிக்குத் தடை இருந்தும் ஜகார்த்தா பசங்க அந்தச் சந்தையில் அள்ளுவது மலிவு என்பதால். இங்கே ஒன்று 900 ரூபாய், அதற்கு ஊட்டி திபெத்தியர் கடையில் புது ஸ்வெட்டரே வாங்கலாம்.

திங்கள் லீவு. கார் நிறுத்த இடமில்லை, கார்டும் வாங்குவதில்லை, ஜிபே மட்டும்.