பொழுதுவட்டில்: நாலு வருஷம் புழங்கிய பிறகு

கணவாயில் இட்லிக் கடை வைத்திருப்பவனுக்குப் பொழுதுவட்டில் எதற்கு என்று கேட்பவர்கள், ஒரு தடவையாவது என் மாவுக் குண்டானைத் திறந்து பார்த்திருக்க வேண்டும். அடிவாரத்தில் பொழுது ஒரே சீராக ஓடும். மேலே எங்களுக்கு ஒரு நாள் கனத்து மெதுவாக நகரும், ஒரு நாள் இளகி வேகமாக ஓடும். மேகம் மூடிக் கிடப்பதால் சூரியனைப் பார்த்தும் சொல்ல வழியில்லை. இளகிய ராத்திரி என்றால் மாவு பொங்கி வழிந்து புளித்து நாறும். யாத்திரைக்காரர்கள் பாதி மலைகூட ஏறியிருக்க மாட்டார்கள். கனத்த ராத்திரியில் ஆட்கள் இலை போட்டு உட்கார்ந்துவிடுவார்கள். மாவு அப்போதுதான் வழித்து வைத்ததுபோல் அசையாமல் கிடக்கும். ஒரே மாதத்தில் ஆறு குண்டான் மாவைக் கொட்டிய எரிச்சலில் 12 பணம் கொடுத்து வாங்கினேன்.

பார்க்கப் பழைய நாழிகை வட்டில்தான். அடியில் துளையுள்ள செப்புக் கிண்ணம். மிதக்கவிட்டால் துளை வழியே நீர் ஏறி ஒரு நாழிகையில், அதாவது 24 நிமிடத்தில், மூழ்கும். இதில் கிண்ணம் இரண்டு. ஒன்று வீட்டுத் தண்ணீரில் மிதக்கும். மற்றது சாட்சி வட்டில்; கூடவே தரும் உறைசுனை நீரில்தான் அதை விட வேண்டும். "பொழுதே மெதுவானால் வட்டிலும் நாமும் சேர்ந்துதானே மெதுவாவோம், எப்படித் தெரியும்?" என்று கடைக்கு வருகிறவர்கள் பாதிப்பேர் கேட்கிறார்கள். அதற்குத்தான் இந்த நீர். எங்கே தூக்கிப்போனாலும் தன் நடையை மாற்றாது, குளிரவும் குளிராது. இரண்டையும் ஒன்றாக விட வேண்டும். சாட்சி மூழ்கி ணங்கென்று அடியைத் தட்டும்போது, வீட்டு வட்டில் உள்ளே இருக்கும் 12 கோட்டில் எத்தனையாவது வரை நீர் ஏறியிருக்கிறது என்று பார்க்க வேண்டும். ஒன்பது என்றால் கனம். வீட்டு வட்டில் முந்திக்கொண்டால் இளக்கம்.

முதல் எட்டு மாதம் ஒரு குறையும் இல்லை. அடுப்போரம் வைத்தால் என் மாவுக்கு 20 நாழிகை. கோட்டைப் பார்த்து அரைக்கும் நேரத்தை முன்னே பின்னே தள்ளிக்கொண்டேன். கொட்டுவது நின்றது.

மார்கழியில் தொல்லை தொடங்கியது. தினமும் பத்து, தினமும் கனம். நம்பி முன்னதாகவே அரைத்தால் மாவு புளித்துப்போகும், ஆட்கள் வர மாட்டார்கள். மூன்று வாரம் பட்ட பிறகு, இது ஓட்டைக் கிண்ணம் என்று பரணில் போட்டுவிட்டேன். குறையெல்லாம் தண்ணீரில். ஜில்லென்ற நீர் கெட்டிப்பட்டு, துளையில் தயங்கித்தான் ஏறும். சுனைநீர் குளிராது, வீட்டு நீர் குளிரும். அந்த வித்தியாசத்தைக் கனம் என்று நான் படித்துக்கொண்டிருந்தேன். கூடத் தருகிற ஓலையில் இதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. செய்தவர்கள்மேல் எனக்கு இன்றைக்கும் கோபம் இருக்கிறது.

தை மாதம் சின்னவளை அடிவாரத்தில் அக்கா வீட்டில் விட்டேன். மூணு நாளில் வந்து கூட்டிப்போகிறேன் என்று சொல்லியிருந்தேன். மூன்றாம் நாள் கிளம்புமுன், ஏதோ தோன்றி, பரணிலிருந்து வட்டிலை எடுத்து விட்டுப் பார்த்தேன். சாட்சி தட்டும்போது நாலாம் கோடு. குளிர்தான் என்று சிரித்துவிட்டு இறங்கினேன். அங்கே ஒன்பது நாள் ஆகியிருந்தது. முன்பல் இரண்டும் விழுந்து, அக்கா அதை முந்தானையில் முடிந்து வைத்திருந்தாள். "நீ வரவே இல்லையேப்பா" என்றாள் சின்னவள், காற்றுப் போகிற வாயோடு.

அதற்குப் பிறகுதான் உட்கார்ந்து ஒழுங்காகப் பழகினேன். வீட்டு நீரில் கொஞ்சம் வெந்நீர் கலந்து, விரலை விட்டால் சூடும் தெரியாமல் குளிரும் தெரியாமல் இருக்கும் பதத்துக்குக் கொண்டுவருவேன். எங்கள் ஊர் உப்புத் தண்ணீர். துளையோரம் வெள்ளையாகப் படியும். புளியை ஊறவைத்து வாரம் ஒருமுறை தேய்ப்பேன். குளிர், உப்பு இரண்டுமே வட்டிலைத் தாமதிக்கத்தான் வைக்கும், முந்த வைக்காது. அதனால் இளக்கம் காட்டினால் அப்படியே நம்புகிறேன். கனம் காட்டினால் வெந்நீர் விட்டு, புளி தேய்த்து மறுபடி விடுகிறேன். அப்போதும் அதே கோடு என்றால் உண்மையான கனம். இந்த மூன்று வருஷத்தில் ஒரு தடவையும் ஏமாறவில்லை.

செம்பு நல்ல கனமான தகடு, நசுங்கவில்லை. சாட்சி அண்டாவின் மூடிதான் மட்டம், ஆறே மாதத்தில் கீல் போய்விட்டது. இப்போது இட்லித் தட்டைக் கவிழ்த்து வைத்திருக்கிறேன். சுனைநீர் வருஷத்துக்கு ஒருமுறை மாற்ற வேண்டும், 3 பணம். சின்னவள் ஊருக்குக் கிளம்புகிற அன்று அவளே குனிந்து கோடு எண்ணுவாள்.

பழையது வாங்குகிறவர்கள் துளையை வெளிச்சத்தில் தூக்கிப் பாருங்கள். எதிர்க்கடைக்காரர் உப்பை எடுக்கிறேன் என்று கோணி ஊசியால் குத்திவிட்டார். துளை அகன்று, அன்றிலிருந்து அவருடையது எப்போதும் இளக்கம்தான். அதை 5 பணத்துக்கு விலை சொல்லிக்கொண்டிருக்கிறார். வாங்கிவிடாதீர்கள்.