பாண்டி மாடித்தொட்டில ப்ளம்ஸா, ஆப்பிள் இலந்தையா? கூடவே களாக்கா, அம்பரெல்லா

முதல்லயே சொல்லிடறேன், நம்ம பாண்டில தொட்டில வெச்ச ஊட்டி ப்ளம்ஸ் காய்க்காது. மூணு வருஷம் வளத்துட்டுதான் சொல்றேன். முத்தியால்பேட்டைல எங்க வீடு, கடல் காத்து நேரா மாடிக்கே வரும். ஒரு நர்சரில செவப்பா கொத்து கொத்தா பழம் தொங்கற படத்த செடில மாட்டி வெச்சிருந்தாங்க, அதுல மயங்கி 450 ரூபா குடுத்து வாங்கிட்டு வந்துட்டேன். செடி சாகல, அதுதான் கடுப்பே, செத்திருந்தா அப்பவே தூக்கி போட்டிருப்பேன். எல விடும், பாதி கொட்டும், திரும்ப விடும், பூ மட்டும் ஒன்னு கூட கெடையாது.

உரம் போடாததால இல்ல, குளிர் இல்லாததால. ப்ளம்ஸ் மொட்டு குளிர்காலத்துல தூங்கி எந்திரிக்கணும், 7 டிகிரிக்கு கீழ பல நூறு மணி நேரம் கெடச்சாதான் ஒழுங்கா பூக்கும். கொஞ்சம் குளிர் போதும்னு சொல்ற சான்டா ரோசா ரகத்துக்கே 300 மணி நேரத்துக்கு மேல வேணும். நமக்கு மார்கழில விடியகாலைல கோலம் போடறப்பவே 20, 21 டிகிரிதான் இருக்கும், அப்புறம் எங்க தூங்கறது? குன்னூர், கொடைக்கானல்ல அது காய்க்கறது அந்த குளிர்லதான். யாரோ சொன்னாங்கன்னு ஐஸ் கட்டிய தூர்ல கொட்டி பாத்தேன், வீட்ல எல்லாரும் சிரிச்சதுதான் மிச்சம். குளிர் வேண்டியது கெளைல இருக்கற மொட்டுக்கு, வேருக்கு இல்லையே. யூட்யூப்ல இங்கிலாந்துக்காரங்க தொட்டிலேந்து கூடை கூடையா பறிக்கறாங்கன்னா, பிக்ஸி மாதிரி குட்டையா வளர்ற வேர்ச்செடில ஒட்டு கட்டினது அது, கூடவே அவங்க ஊரு பனி. ஒட்டு செடிய காசு குடுத்து வாங்கிடலாம், பனிய எங்க போய் வாங்கறது?

இப்ப ஆப்பிள் இலந்தைக்கு வரேன், அதாவது குட்டி ஆப்பிள் மாதிரி பெருசா காய்க்கற இலந்தை. இங்கிலீஷ்ல இலந்தைக்கும் இந்தியன் ப்ளம்னு ஒரு பேரு உண்டு, ஆனா ப்ளம்ஸுக்கும் அதுக்கும் சொந்தமே இல்ல, வேற குடும்பம். வெயில் தாங்கும், உப்பு தண்ணி ஓரளவு தாங்கும், இது நமக்கு பெரிய விஷயம், ஏன்னா கடலோரத்துல போர் தண்ணி வர வர உப்பாதான் ஆவுது, எங்க தொட்டி விளிம்புல சுண்ணாம்பு தடவின மாதிரி வெள்ளையா படியும், ப்ளம்ஸ் எலயோட ஓரம் அதுலயே கருகிடுச்சு, பக்கத்துலயே இருந்த இலந்தை அசரல. ஒட்டு செடி வெச்ச மறு வருஷமே பொங்கல் வாக்குல முப்பது நாப்பது பழம் வந்துச்சு.

ஆனா சும்மா விட்டா ஒழுங்கா காய்க்காது. புது கெளைலதான் பூக்கும், அதனால காய்ப்பு முடிஞ்சதும் மார்ச் வாக்குல மனச கல்லாக்கிட்டு ரெண்டடி வெச்சு மொத்தமா வெட்டணும், எங்க அம்மா மொத தடவ பாத்துட்டு பச்ச மரத்த இப்படியா வெட்டுவன்னு ஒரு நாள் பூரா திட்டினாங்க. இன்னொரு தொல்லை பழ ஈ. வெளிய பாத்தா பழம் பளபளன்னு இருக்கும், கடிச்சா கொட்டைய சுத்தி பழுப்பா தூள் மாதிரி, நடுவுல வெள்ளையா ஒரு புழு நெளியும். காய் சின்னதா இருக்கறப்பவே கொத்துக்கு வலைப்பை கட்டிடுங்க, கீழ விழுந்தத அன்னன்னிக்கே பொறுக்கி எடுத்துடுங்க.

களாக்கா பத்தி யாரும் பேசறதே இல்ல. அதோட ஆப்பிரிக்கா பங்காளிக்கு நேட்டல் ப்ளம்னு பேரு. முள்ளு இருக்கு, பாலு ஒட்டும், சின்ன புள்ளைங்க ஓடற மாடின்னா யோசிக்கணும். மத்தபடி ரெண்டு நாள் தண்ணி ஊத்தலன்னாலும் கோச்சுக்காது, ஊறுகாய்க்கு அதுதான். பேக்கரி கேக்கு மேல செவப்பா செர்ரின்னு வெக்கறாங்கல்ல, அது பல நேரம் சாயம் போட்டு பாகுல ஊறின களாக்காதான்.

அம்பரெல்லான்னா மாங்கா மாதிரி புளிக்கற ஒரு காய், அதுல குட்டை ரகம் ஒரு வருஷத்துலயே காய்க்கும், மொளகாத்தூள் உப்பு தொட்டு தின்னா நாக்குல எச்சி ஊறும், ஆனா கெளை மெத்துன்னு இருக்கும், காத்துல படக்குனு ஒடியும். நாவலுக்கும் ஜாவா ப்ளம்னு பேரு இருக்குன்னு தொட்டில வெக்கறாங்க, பாவம், அது வானம் பாத்து வளர்ற மரம், தெருவோரத்துல வைங்க.

தொட்டிய பத்தியும் சொல்லணும். 200 லிட்டர் நீல ட்ரம்ம பாதியா அறுத்தா ரெண்டு தொட்டி. ப்ளம்ஸ் ட்ரம்முக்கு அடில ஓட்ட போட்டு அப்படியே தரைல வெச்சிருந்தேன், ஃபெஞ்சல் புயலப்போ, 2024 நவம்பர் கடைசி, பாண்டில ஒரே நாள்ல 45 செ.மீக்கு மேல கொட்டுச்சே, அன்னிக்கு ஓட்டைய மண்ணும் தரையும் அடைச்சுகிட்டு ட்ரம்மு கெணறு மாதிரி ரொம்பி நின்னுச்சு. இலந்தை ட்ரம்முக்கு பக்கவாட்டுல ஒரு இன்ச் ஒசரத்துல ஓட்ட, கீழ நாலு செங்கல், தண்ணி பாட்டுக்கு ஓடிடுச்சு. நனைஞ்ச ட்ரம்மு ஒவ்வொன்னும் நூறு கிலோக்கு மேல வரும், அதனால சுவத்தோரமா, பீம் மேல வர மாதிரி வைங்க. செம்மண்ணு, தொழு உரம், தேங்கா நார் கழிவு மூணையும் சரிசமமா கலந்தா கனம் கொஞ்சம் கொறையும். க்ரோ பேக் மலிவுதான், ஆனா எங்க மாடி வெயில்ல ரெண்டாவது வருஷமே தையல் விட்டுடுச்சு.

ஒரே ஒரு தொட்டிக்குதான் எடம்னா நான் இலந்தைதான் வெப்பேன், ரெண்டாவதுக்கும் எடம் இருந்தா களாக்கா. ப்ளம்ஸ் சாப்பிடணும்னா மே மாசம் பெரிய மார்க்கெட்ல மலைலேந்து எறங்கும், வாங்கிக்கலாம். எங்க ப்ளம்ஸ் செடிய போன மாசம் வேரோட உருவி, கோணில சுத்தி, கோத்தகிரிக்கு போற மச்சான் கைல குடுத்து விட்டுட்டேன். பஸ்ல பக்கத்து சீட்டுக்காரரு இது என்ன செடின்னு கேட்டாராம், இவரு "ட்ரான்ஸ்ஃபர்ல போவுது சார்"னாராம்.