ஸ்பேஸ்எக்ஸ் டிரான்ஸ்போர்ட்டர் சேவை: சின்ன சாட்டிலைட்டுக்கு ஏற்றதா?

சின்ன சாட்டிலைட் கட்டுபவர்கள் இன்று முதலில் விலை விசாரிப்பது ஸ்பேஸ்எக்ஸின் டிரான்ஸ்போர்ட்டர் பகிர்வு ஏவுதலைத்தான். 2021 ஜனவரியில் முதல் பயணத்திலேயே ஃபால்கன் 9 ராக்கெட் 143 சாட்டிலைட்களை ஏற்றிச் சென்றது. அதற்கு முன் 2017-ல் பிஎஸ்எல்வி-சி37 கொண்டுபோன 104 தான் சாதனை. ஆரம்பத்தில் 200 கிலோவுக்கு 10 லட்சம் டாலர். பிறகு 50 கிலோ வரை 2,75,000 டாலர் என்று குறைந்தபட்சத்தை இறக்கினார்கள், அங்கிருந்து கட்டணம் படிப்படியாக ஏறிவருகிறது. ஏறினாலும் தனி ராக்கெட் பிடிப்பதைப் பார்க்கும்போது இது மிக மலிவு.

அந்தத் தொகைக்குக் கிடைப்பது பொருத்திக்கொள்ள ஓர் இடம். சாட்டிலைட்டைக் கழற்றிவிடும் பிரிப்புக் கருவி, காப்பீடு, அலைவரிசை உரிமம் எல்லாம் உங்கள் பொறுப்பு. கியூப்சாட் (10 செ.மீ. கனசதுர அலகுகளால் ஆன சின்ன சாட்டிலைட்) என்றால், அதை விண்வெளியில் வெளியே தள்ளும் டிப்ளாயர் பெட்டி வைத்திருக்கும் இடைநிலை நிறுவனம் வழியாகப் போவதே நல்லது. அதிர்வுச் சோதனை அறிக்கை தாமதமானால் ராக்கெட் காத்திருக்காது.

பெரிய குறை, பாதையை நீங்கள் தேர்ந்தெடுக்க முடியாது. 500 கி.மீ.க்குச் சற்று மேலே, சுமார் 97.5 பாகைச் சாய்வில் சூரிய ஒத்திசைவுப் பாதை, அதாவது ஓர் இடத்தை எப்போது கடந்தாலும் அங்கே ஏறக்குறைய ஒரே உள்ளூர் நேரமாக இருக்கும் பாதை. அந்தப் பயணத்துக்கு என்ன உள்ளூர் நேரமோ அதுவே உங்களுக்கும். மேலே போய்த் திருத்திக்கொள்ளலாம் என்று நம்ப வேண்டாம். அந்த உயரத்தில் பாதைத் தளத்தை 1 பாகை திருப்பவே விநாடிக்குச் சுமார் 130 மீட்டர் வேகமாற்றம் தேவை, பெரும்பாலான கியூப்சாட் உந்திகளுக்கு அது எட்டாத தூரம். பகல்-இரவு எல்லையை ஒட்டியே சுற்றும் விடியல்-அந்திப் பாதையில் ஓயாமல் வெயில் கேட்கும் ரேடார் சாட்டிலைட்டுக்குப் பயண நேரம் ஒத்துவராவிட்டால், சுமார் 200 கிலோவைக் கேட்ட பாதையிலேயே விடும் ராக்கெட் லேப் நிறுவனத்தின் எலக்ட்ரான் போன்ற சின்ன ராக்கெட்தான் வழி. விலை பல மடங்கு. புதுக் கருவியைச் சோதிக்கும் சாட்டிலைட்டுக்கு டிரான்ஸ்போர்ட்டரே போதும், தயங்கவே வேண்டாம்.

ஏவிய பிறகு இன்னொரு தலைவலி இருக்கிறது. நூறு சாட்டிலைட்கள் கொத்தாக வெளியேறும்போது ரேடாருக்கு எல்லாம் ஒரே மாதிரிப் புள்ளிகள். எது யாருடையது என்று புலப்பட நாட்கள், சிலசமயம் வாரங்கள் ஆகும். கியூப்சாட் விதிப்படி பிரிந்து 30 நிமிடம் கழித்தே ஆன்டெனா விரியலாம், 45 நிமிடம் கழித்தே சிக்னல் அனுப்பலாம். ஆகவே முதல் சுற்றில் சத்தமே இல்லை என்றால் பதறாதீர்கள். சிக்னல் கிடைத்ததும், தலைக்கு மேலே கடக்கும் நேரம் முழுக்க அதன் டாப்ளர் மாற்றத்தை (சாட்டிலைட் நெருங்கி விலகும்போது சிக்னலின் அலைவரிசை மாறுவதை) பதிவுசெய்து, வெளியான ஒவ்வொரு பாதைத் தரவோடும் பொருத்திப் பாருங்கள். பொருந்துவது உங்களுடையது. உள்ளே ஜிபிஎஸ் இருந்தால் வேலை பாதியாகும். தரையிலிருந்து கட்டளை வந்தால்தான் பேசும் என்று நிரல் எழுதிய சாட்டிலைட்டை இந்தக் கூட்டத்தில் தேடுவது பெரும்பாடு. பீக்கன், அதாவது தன்னை அடையாளம் காட்டும் சிக்னல், தானாகத் தொடங்கும்படி மாற்றிய பிறகே முன்பதிவு செய்யுங்கள்.