கிம் ஜீ-வூன்: பேய் வீடா, தாதா உலகமா?

கொரிய இயக்குநர் கிம் ஜீ-வூன் ஒரே வகையில் தங்கியவர் இல்லை. 1998-இல் இருண்ட நகைச்சுவையோடு தொடங்கி, மல்யுத்தம், பேய், தாதா, கௌபாய் என்று மாறிக்கொண்டே போனார். புதிதாகப் பார்ப்பவர் எதில் தொடங்கலாம்?

'எ டேல் ஆஃப் டூ சிஸ்டர்ஸ்' (2003) பழைய கொரிய நாட்டுப்புறக் கதையிலிருந்து வந்தது: அக்கா, தங்கை, சித்தி. பூப்போட்ட சுவர்த்தாள் ஒட்டிய அந்த வீடே மூச்சை அடைக்கும். பயத்தைவிட துக்கம்தான் கனம். ஆனால் கதை பிடிபட இரண்டு முறை பார்க்க வேண்டியிருக்கும்.

'எ பிட்டர்ஸ்வீட் லைஃப்' (2005) நேர்க்கோட்டில் பாய்கிறது. ஓட்டலில் நிதானமாக இனிப்பு சாப்பிட்டுக்கொண்டிருக்கும் நாயக நடிகர் லீ பியூங்-ஹுன், தகராறு என்றதும் கீழே இறங்கிப்போய் அடித்து நொறுக்குகிறார். முதலாளியின் காதலியைக் கண்காணிக்கப் போனவர் ஒரு கணம் இரக்கப்படுகிறார். அதற்கு அவர் கொடுக்கும் விலைதான் மீதிப் படம். ஜன்னல் கண்ணாடியில் தன் பிம்பத்தோடு அவர் குத்துச்சண்டை போடும் காட்சி என் மனதைவிட்டுப் போகவே இல்லை.

என் ஓட்டு தாதா படத்துக்கு. அதன் பிறகு அந்த வீட்டுக்குள் போங்கள், முடிந்தால் இரவில், தனியாக.